வானியற்பியலாளர் ஆவது எப்படி? டர்பன் தமிழ்க் குடும்பங்கள் கேட்கும் கேள்விகள்

வார நாட்களில் பள்ளிப் பிள்ளைகளுக்கு இயற்பியல் சொல்லிக்கொடுக்கிறேன். சனிக்கிழமை சாட்ஸ்வர்த்தில் தமிழ் வகுப்பு. வகுப்பு முடிந்து பிள்ளைகளை அழைத்துப்போக வருகிற அம்மா அப்பாக்கள், சில சமயம் ஆயாக்களும் தாத்தாக்களும், மீர்காட் ரேடியோ தொலைநோக்கியைப் பற்றிச் செய்தி வந்த வாரமெல்லாம் தவறாமல் ஏதாவது கேட்பார்கள். அடிக்கடி வருகிற கேள்விகளையும் அவற்றுக்கு நான் சொல்லும் பதில்களையும் இங்கே எழுதி வைத்திருக்கிறேன். எல்லாம் தென்னாப்பிரிக்கப் படிப்பு முறையை வைத்துச் சொன்னவை.

எங்கள் மகள் ஒன்பதாம் வகுப்புதான். இப்போதே முடிவு செய்ய வேண்டியது ஏதாவது உண்டா?

உண்டு. ஒன்றே ஒன்று, ஆனால் இந்தப் பக்கத்தில் இருப்பதிலேயே முக்கியமானது. ஒன்பதாம் வகுப்பு முடியும்போது பத்தாம் வகுப்புக்கான பாடங்களைத் தேர்வு செய்யும் படிவம் வீட்டுக்கு வரும். அதில் 'மேத்தமடிக்ஸ்' என்றும் 'மேத்தமடிக்கல் லிட்டரசி' என்றும் இரண்டு இருக்கும். இரண்டும் கணக்குதானே என்று நினைத்துவிடாதீர்கள். இரண்டாவதை எடுத்தால் இயற்பியல், பொறியியல், கணினி அறிவியல் என்று பல பட்டப்படிப்புகளின் வாசல் அன்றைக்கே அடைபட்டுவிடும். மேத்தமடிக்ஸிலிருந்து லிட்டரசிக்கு இறங்கி வருவது சுலபம். பத்தாம் வகுப்பு பாதி தாண்டிய பிறகு மேலே ஏறுவது கிட்டத்தட்ட நடக்காத காரியம்.

பிள்ளைக்கு ஒன்பதாம் வகுப்பில் கணக்கு 50, 55 என்று வந்தால், "லிட்டரசி போடுங்கள், பன்னிரண்டாம் வகுப்பு மெட்ரிக் தேர்வு நல்லபடியாக வரும்" என்று யோசனை சொல்கிற பள்ளிகளும் உண்டு. பிள்ளைக்கு அறிவியலில் கொஞ்சமாவது ஆசை இருந்தால் அதற்குச் சம்மதிக்காதீர்கள். 55 வாங்கிய பிள்ளையை இரண்டு வருஷத்தில் 70-க்குக் கொண்டுவரலாம், நானே கொண்டுவந்திருக்கிறேன். எடுக்காத பாடத்தில் எதையும் கூட்ட முடியாது.

கூடவே இயற்பியலும் வேதியியலும் சேர்ந்த ஃபிசிக்கல் சயின்சஸ் கட்டாயம். புவியியல் பாடம் பிள்ளைக்குப் பிடித்திருக்கலாம், நல்லது, அதையும் படிக்கட்டும். ஆனால் பல்கலைக்கழகம் பார்க்கப்போவது கணக்கையும் ஃபிசிக்கல் சயின்சஸையும்தான்.

மெட்ரிக்கில் எவ்வளவு எடுக்க வேண்டும்?

இடத்துக்கு இடம், வருஷத்துக்கு வருஷம் மாறும். பொதுவாகக் கணக்கில் 60 விழுக்காட்டுக்குக் கீழே இருந்தால் பி.எஸ்சி. இயற்பியலுக்கு இடம் கிடைப்பது சிரமம். உள்ளே போய்த் திணறாமல் படிக்க வேண்டுமென்றால் 70-க்கு மேல் வைத்துக்கொள்ளுங்கள் என்பது என் கணக்கு.

காரணம் சொல்கிறேன். மெட்ரிக் கணக்கில் வகையிடல் வரும், தொகையிடல் வராது. கலப்பெண்கள், அணிகள் எதுவும் கிடையாது. பல்கலைக்கழக முதலாண்டு இயற்பியலோ தொடங்கிய சில வாரங்களிலேயே தொகையிடலைக் கேட்கும். பள்ளியில் 'அட்வான்ஸ்டு புரோகிராம் மேத்தமடிக்ஸ்' என்ற கூடுதல் பாடம் இருந்தால் பிள்ளையைச் சேர்த்துவிடுங்கள். இல்லாவிட்டால் மெட்ரிக் தேர்வு முடிந்து கிடைக்கிற இரண்டு மாதத்தில் தொகையிடலை மட்டும் படித்துவிட்டுப் போகட்டும். இதைச் செய்துவிட்டுப் போன பிள்ளைகளுக்கு முதலாண்டில் இருக்கும் தெம்பே வேறு.

பன்னிரண்டாம் வகுப்பு இயற்பியலில் டாப்ளர் விளைவு என்று ஒரு பாடம் வருகிறது. ஆம்புலன்ஸ் நம்மைக் கடந்து போனதும் அதன் சத்தம் ஏன் தணிந்து கேட்கிறது என்று தொடங்கி, விலகிப் போகும் விண்மீன் திரள்களின் ஒளி ஏன் சிவப்புப் பக்கம் நகர்கிறது என்பதில் முடியும். பலர் அதைச் சின்னப் பாடம் என்று வேகமாகத் தள்ளிவிடுகிறார்கள். பிரபஞ்சம் விரிகிறது என்பதற்கான ஆதாரம் அந்தச் சில பக்கங்களில்தான் இருக்கிறது. அதில் பிள்ளை கேள்வி மேல் கேள்வி கேட்டால், அது மதிப்பெண்ணை விட நல்ல அறிகுறி.

மெட்ரிக்கில் கணக்கு சரியாக வராவிட்டால்? திரும்ப எழுதலாம். அரசாங்கத்தின் 'செகண்ட் சான்ஸ்' திட்டம் அதற்காகத்தான் இருக்கிறது. ஒரு வருஷம் போனால் போகட்டும்.

மொத்தம் எத்தனை வருஷம் படிக்க வேண்டும்?

பி.எஸ்சி. மூன்று வருஷம். அப்புறம் ஹானர்ஸ் ஒரு வருஷம். இந்த நாட்டில் அது தனிப் பட்டம். பிறகு எம்.எஸ்சி. இரண்டு வருஷம், முனைவர் பட்டம் மூன்று அல்லது நான்கு வருஷம். 18 வயதில் மெட்ரிக் முடித்த பிள்ளை எங்கும் தடங்கல் இல்லாமல் போனால் 27, 28 வயதில் கையில் முனைவர் பட்டம் இருக்கும்.

இந்தக் கணக்கைச் சொன்னதும் சில அப்பாக்களின் முகம் வாடிவிடுகிறது. பத்து வருஷத்தை ஒரே மூச்சில் பார்ப்பதால் வருகிற பயம் அது. பி.எஸ்சி. முடித்ததும் நிறுத்தலாம், ஹானர்ஸ் முடித்ததும் நிறுத்தலாம், எம்.எஸ்சி.யோடும் நிறுத்தலாம். எந்த இடத்தில் நிறுத்தினாலும் கையில் முழுமையான ஒரு பட்டம் இருக்கும். மருத்துவப் படிப்பை நான்காம் வருஷத்தில் விட்டால் கதி என்ன என்று யோசித்துப் பாருங்கள். 18 வயதில் பிள்ளை முடிவு செய்ய வேண்டியது அடுத்த மூன்று வருஷத்தை மட்டும்தான்.

டர்பனை விட்டுப் போகாமல் படிக்க முடியுமா?

முடியும். குவாசுலு-நட்டால் பல்கலைக்கழகத்தின் வெஸ்ட்வில் வளாகத்தில் வானியற்பியல் ஆராய்ச்சி மையம் இருக்கிறது. பி.எஸ்சி. முதல் முனைவர் பட்டம் வரை இங்கேயே படிக்கலாம். இந்த மாகாணத்துப் பல்கலைக்கழகங்களுக்கு 'சி.ஏ.ஓ.' என்ற பொது விண்ணப்ப அலுவலகம் வழியாகத்தான் விண்ணப்பிக்க வேண்டும். கடைசித் தேதியை மெட்ரிக் வருஷத் தொடக்கத்திலேயே பார்த்துக் குறித்து வையுங்கள்.

அந்த வளாகத்தைப் பற்றி நம் பிள்ளைகளுக்குக் கட்டாயம் சொல்ல வேண்டும். நிறவெறி ஆட்சி 1961-இல் இந்தியர்களுக்கென்று ஒரு தனிக் கல்லூரியைத் தொடங்கியது. இடம், டர்பன் துறைமுகத்துக்குள் இருக்கும் சாலிஸ்பரி தீவு. கடற்படை விட்டுப்போன பழைய கட்டடங்களில் வகுப்பு, மாணவர்கள் படகேறிப் போய்ப் படித்தார்கள். அதுதான் 1972-இல் வெஸ்ட்வில் மேட்டுக்கு மாறி டர்பன்-வெஸ்ட்வில் பல்கலைக்கழகம் ஆனது. 2004-இல் நட்டால் பல்கலைக்கழகத்தோடு இணைந்தது. நம்மை ஒதுக்கி வைக்கக் கட்டிய அதே வளாகத்திலிருந்து இன்று 'ஹைராக்ஸ்' என்ற ரேடியோ தொலைநோக்கித் திட்டம் நடத்தப்படுகிறது. காரூ பாலைநிலத்தில் ஆறு மீட்டர் அகலக் கிண்ண வடிவ ஆன்டெனாக்கள் 1,024-ஐ நிறுத்தி, ஹைட்ரஜன் வாயு பிரபஞ்சத்தில் எப்படிப் பரவியிருக்கிறது என்று வரைபடம் போடுவதுதான் திட்டம். அதற்குத் தலைமை தாங்குபவர் பேராசிரியர் கவிலன் மூட்லி. இங்கிருந்து கேம்பிரிட்ஜ் போய் முனைவர் பட்டம் பெற்று இங்கேயே திரும்பி வந்தவர். மூட்லி, கவுண்டர், படையாச்சி, பிள்ளை என்று பெயர் வைத்திருக்கும் நம் பிள்ளைகள், "எங்களைப் போல யாராவது இதில் இருக்கிறார்களா?" என்று கேட்கும்போது, ஊருக்குள்ளேயே பதில் இருப்பது எனக்குப் பெரிய நிம்மதி.

வெளியே போகத் தயார் என்றால் ஒவ்வோர் ஊருக்கும் ஒரு பலம் உண்டு. கேப் டவுனில் எல்லாமே கிடைக்கும், வெஸ்டர்ன் கேப் பல்கலைக்கழகம் அண்டவியலில் கெட்டி. கிரஹம்ஸ்டவுன் என்று நாம் சொல்லிப் பழகிய மக்கண்டாவில் இருக்கும் ரோட்ஸ், ரேடியோ தரவுகளைக் கையாளும் நுட்பங்களில் பெயர் பெற்றது. பாட்செஃப்ஸ்ட்ரூமில் உள்ள நார்த்-வெஸ்ட் பல்கலைக்கழகம் நமீபியாவின் ஹெஸ் தொலைநோக்கியோடு சேர்ந்து காமாக் கதிர் ஆராய்ச்சி செய்கிறது. புளூம்ஃபான்டெய்னில் ஃப்ரீ ஸ்டேட் பல்கலைக்கழகத்துக்கு பாய்டன் என்ற பழைய வானாய்வகமே சொந்தம்.

என் கருத்து கேட்டால், பி.எஸ்சி. வீட்டிலிருந்து படிக்கலாம். ஹானர்ஸிலோ எம்.எஸ்சி.யிலோ ஒருமுறையாவது வேறு ஊருக்குப் போகட்டும். வேறு ஆசிரியர், வேறு கேள்விகள். அது பிள்ளையை மாற்றிவிடும்.

நாஸ்ப், நாஸ்ப் என்கிறார்களே, அது என்ன?

தேசிய வானியற்பியல், விண்வெளி அறிவியல் திட்டம். 2003-இல் தொடங்கியது. ஒரே பல்கலைக்கழகத்தில் வானியற்பியலின் எல்லாப் பிரிவுக்கும் ஆசிரியர்கள் இருக்க மாட்டார்கள் என்பதால் நாடு முழுவதும் உள்ள நிபுணர்களைச் சேர்த்து ஹானர்ஸ், எம்.எஸ்சி. பாடங்களை நடத்துகிறார்கள். கேப் டவுன், நார்த்-வெஸ்ட், நம் குவாசுலு-நட்டால் என்று மூன்று இடங்களில் சேரலாம். இயற்பியலோ கணிதமோ முக்கியப் பாடமாக எடுத்து பி.எஸ்சி. முடித்திருந்தால் போதும், பி.எஸ்சி.யில் வானியல் படித்திருக்க வேண்டிய அவசியமில்லை. வசதி குறைந்த பல்கலைக்கழகங்களில் படித்து வந்தவர்களுக்கு, அடிப்படையைச் சரிசெய்துகொள்ள நீட்டிக்கப்பட்ட ஹானர்ஸ் வழியும் உண்டு.

பொறியியல் படித்தவர்கள் இதில் வர முடியுமா?

வரலாம். ரேடியோ வானியலில் மின்னணுப் பொறியாளர்களுக்கு எப்போதும் தேவை இருக்கிறது. கொஞ்சம் இயற்பியல் பாடங்களைச் சேர்த்துப் படிக்க வேண்டியிருக்கும்.

இவ்வளவு வருஷப் படிப்புக்குப் பணத்துக்கு எங்கே போவது?

இந்தக் கேள்வியில் ஒரு தவறான எண்ணம் கலந்திருக்கிறது. படிக்கப் படிக்கச் செலவு ஏறும் என்று நினைக்கிறோம். இந்தத் துறையில் பாரம் பி.எஸ்சி.யில்தான் அதிகம். மேலே போகப் போக உதவித்தொகை கூடும், வீட்டிலிருந்து தர வேண்டியது குறையும்.

பி.எஸ்சி.க்கு, குடும்ப வருமானம் வருஷத்துக்கு 350,000 ராண்டுக்குள் இருந்தால் அரசின் மாணவர் நிதியுதவித் திட்டமான என்.எஸ்.எஃப்.ஏ.எஸ்.-இடம் உதவி கேட்கலாம். அதற்குக் கொஞ்சம் மேலே இருக்கிற குடும்பங்கள்தான் உண்மையில் தவிக்கிறவை. வங்கிக் கடன் வாங்க இப்போதைய வருமானம் போதாது, உதவி கேட்க வருமானம் அதிகம். அவர்கள் பல்கலைக்கழகத்தின் சொந்த உதவித்தொகைகளையும், தென்னாப்பிரிக்க ரேடியோ வானியல் ஆய்வகமான சராவோவின் உதவித்தொகையையும் கேட்க வேண்டும். பல நாடுகள் சேர்ந்து கட்டும் எஸ்.கே.ஏ. என்ற மாபெரும் ரேடியோ தொலைநோக்கியை இங்கே கொண்டுவர நாடு முயன்ற காலத்திலேயே, 2005 முதல், தொலைநோக்கியோடு ஆட்களையும் உருவாக்க வேண்டும் என்று தொடங்கிய திட்டம் அது. ஆயிரத்துக்கும் மேற்பட்டவர்கள் அதில் பயன்பெற்றிருக்கிறார்கள். ஹானர்ஸ் முதல் தேசிய ஆராய்ச்சி நிறுவனமான என்.ஆர்.எஃப்.-உம் தருகிறது.

கேப் டவுனுக்குப் பக்கத்தில் மியூசென்பெர்கில் எய்ம்ஸ் என்ற ஆப்பிரிக்கக் கணித அறிவியல் நிறுவனம் இருக்கிறது. 2003-இல் நீல் டூரோக் என்ற இயற்பியலாளர் தொடங்கியது. அங்கே ஆப்பிரிக்கா முழுவதிலிருந்தும் வருகிற மாணவர்கள் ஒன்றாகத் தங்கி, உதவித்தொகையில் முதுகலை படிக்கிறார்கள். கணக்கில் வலுவான பிள்ளைக்கு அருமையான இடம்.

ஒவ்வொரு விண்ணப்பத்திலும் ஆசிரியர் பரிந்துரைக் கடிதம் கேட்பார்கள். இரண்டாமாண்டிலிருந்தே பிள்ளை ஓர் ஆசிரியரிடமாவது போய்ப் பேசி, கேள்வி கேட்டு, முகம் தெரிந்தவராக இருக்க வேண்டும். நம் வீட்டுப் பிள்ளைகள் பெரியவர்களிடம் மரியாதை என்ற பேரில் வாய் திறக்காமல் இருந்துவிடுகிறார்கள். இங்கே அது நஷ்டம்.

ஆராய்ச்சி மாணவர் நாள் முழுவதும் என்ன செய்வார்? ராத்திரி தொலைநோக்கியில் பார்ப்பாரா?

பெரும்பாலும் இல்லை. பகலில் மடிக்கணினி முன்னால் இருப்பார்.

ஓர் எம்.எஸ்சி. மாணவியின் வேலையை வைத்துச் சொல்கிறேன். மீர்காட்டில் 64 கிண்ணங்கள், ஒவ்வொன்றும் 13.5 மீட்டர் அகலம், வடக்கு கேப்பில் கார்னார்வன் ஊரிலிருந்து சுமார் 90 கிலோமீட்டர் தள்ளி நிற்கின்றன. இரண்டிரண்டாகச் சேர்த்து ஒப்பிட்டால் 2,016 ஜோடி. ஒவ்வொரு ஜோடியும் ஆயிரக்கணக்கான அலைவரிசைகளில், சில நொடிக்கு ஒருமுறை ஓர் எண்ணைத் தருகிறது. அவள் கையில் வருவது படம் அல்ல, இந்த எண்களின் மலை.

விண்வெளியில் உள்ள ஹைட்ரஜன் 1420 மெகாஹெர்ட்ஸில் ஓர் அலையை வெளிவிடும். தூரத்துத் திரள்கள் விலகிப் போவதால் அந்த அலை நம்மிடம் வரும்போது கீழே இறங்கியிருக்கும். சுமார் 200 கோடி வருஷத்துக்கு முன்பு கிளம்பியது 1227 மெகாஹெர்ட்ஸை ஒட்டி வந்து சேரும். ஜி.பி.எஸ். செயற்கைக்கோள்கள் பேசுவதும் அதே இடத்தில்தான். கைப்பேசியைப் பாலைவனத்தில் தடை செய்யலாம், வானத்தில் போகிற செயற்கைக்கோளை என்ன செய்வது? அவள் திரையில் நேரத்தைக் குறுக்கிலும் அலைவரிசையை நெடுக்கிலும் போட்டு வரைந்தால், அந்த இடம் மட்டும் பளிச்சென்று பட்டை பட்டையாகத் தெரியும். அந்தப் பகுதியைக் குறித்து ஒதுக்குவதற்குப் பைத்தான் என்ற கணினி மொழியில் ஒரு நிரல் எழுதுகிறாள். அதிகமாக ஒதுக்கினால் தேடுகிற திரளும் சேர்ந்து போய்விடும், குறைவாக ஒதுக்கினால் படம் முழுவதும் அழுக்கு. இந்த ஒன்றைச் சரிசெய்ய மூன்று வாரம் போகலாம். பிறகு கேப் டவுனில் இருக்கும் பெரிய கணினிக்கு வேலையை அனுப்பிவிட்டு, காலையில் வந்து பார்த்தால் நடுவில் ஒரு பிழையோடு நின்றிருக்கும். திரும்ப முதலிலிருந்து.

நட்சத்திரங்கள் மேல் ஆசை இருக்கிறதா என்று பிள்ளையிடம் கேட்காதீர்கள், எல்லாப் பிள்ளைக்கும் இருக்கும். மூன்று வாரம் ஒரே சிக்கலோடு உட்கார முடியுமா என்று கவனியுங்கள். முடியும் என்றால் இந்த வேலை அவர்களுக்கு ஆனந்தமாக இருக்கும்.

கண்ணால் காணும் ஒளியில் ஆராய்ச்சி செய்பவர்கள் சதர்லேண்டுக்குப் போவார்கள். கேப் டவுனிலிருந்து சுமார் 370 கிலோமீட்டர், குளிர்காலத்தில் பனி விழுகிற ஊர். அங்கேதான் 91 அறுகோணக் கண்ணாடிகளைச் சேர்த்துச் செய்த சால்ட் தொலைநோக்கி 2005 முதல் இயங்குகிறது. சால்ட்டில் கூட ஆராய்ச்சியாளர் நேரில் போக வேண்டியதில்லை. கோரிக்கை அனுப்பினால் அங்கே பணியில் இருக்கும் வானியலாளர் எடுத்து அனுப்புவார். சிறிய தொலைநோக்கிகளில் மாணவர்கள் தாங்களே இரவு முழுவதும் வேலை செய்து பழகலாம். மலை மேல் இரவில் வண்டிக்கு ஹெட்லைட் போடக் கூடாது, அறை ஜன்னலில் திரையை இறுக மூட வேண்டும். அந்த ஒழுங்கைப் பழகிவிட்டு வருகிற பிள்ளைகள் ஊருக்கு வந்ததும் தெருவிளக்கைத் திட்டத் தொடங்கிவிடுவார்கள்.

சந்திரசேகர் நம் ஆள்தானே? அவர் எப்படிப் படித்தார்?

சுப்ரமணியன் சந்திரசேகர் தமிழ்க் குடும்பத்தில் 1910-இல் லாகூரில் பிறந்தார். பன்னிரண்டு வயது வரை வீட்டில் படிப்பு, அப்புறம் திருவல்லிக்கேணி இந்து உயர்நிலைப்பள்ளி, சென்னை மாநிலக் கல்லூரி. அவருக்குக் கணிதம் படிக்க ஆசை. அப்பா அரசாங்க அதிகாரி, மகன் சிவில் சர்வீஸ் போக வேண்டும் என்று நினைத்தவர். கடைசியில் இயற்பியல் என்று முடிவானது. நம் வீடுகளில் இன்றும் நடக்கிற அதே பேச்சுவார்த்தை!

1928-இல் ஜெர்மானிய இயற்பியலாளர் சோமர்ஃபெல்ட் சென்னைக்கு வந்தபோது, அவருடைய புத்தகத்தைக் கரைத்துக் குடித்திருந்த பதினெட்டு வயது சந்திரசேகர் நேரே போய்ப் பார்த்தார். நீ படித்த அணு இயற்பியல் பழையதாகிவிட்டது, இப்போது புதுக் குவாண்டம் இயக்கவியல் வந்துவிட்டது என்று சொல்லி, இன்னும் அச்சில் வராத தன் கட்டுரையின் மெய்ப்புப் பிரதியைக் கொடுத்தார் சோமர்ஃபெல்ட். இளைஞன் மனம் உடைந்து உட்காரவில்லை. அந்தப் பிரதியை வைத்துப் படித்து, மறு வருஷமே லண்டன் ராயல் சொசைட்டியின் இதழில் கட்டுரை வெளியிட்டார். 1930-இல் அரசு உதவித்தொகையோடு கேம்பிரிட்ஜுக்குக் கப்பலேறினார். எரிபொருள் தீர்ந்து சுருங்கிப்போன வெண்குறளி விண்மீன் இவ்வளவுக்கு மேல் எடை தாங்காது என்ற கணக்கைப் போடத் தொடங்கியது அந்தப் பயணத்தில்தான். இன்று அதைச் சந்திரசேகர் எல்லை என்கிறோம், சூரியனைப் போல சுமார் 1.4 மடங்கு. 1933-இல் முனைவர் பட்டம், 1937 முதல் சிகாகோ பல்கலைக்கழகம், 1983-இல் நோபல் பரிசு.

நடுவில் 1935 ஜனவரியில் லண்டன் ராயல் வானியல் கழகக் கூட்டத்தில், அன்றைய பெரும்புள்ளி எடிங்டன் எல்லோர் முன்னிலையிலும் அவர் முடிவை மறுத்துப் பேசினார். எடிங்டன் சொன்னது தவறு. ஆனால் அவையில் எழுந்து அதைச் சொல்ல ஆளில்லை. சந்திரசேகர் வாக்குவாதத்தில் ஆயுளைக் கழிக்காமல், அந்தப் பொருளைப் பற்றிப் புத்தகமாக எழுதி முடித்துவிட்டு வேறு பிரிவுக்குப் போனார். விண்மீன்களின் இயக்கம், ஒளி பரவும் விதம், பாய்மங்களின் நிலைத்தன்மை, கருந்துளை என்று ஒவ்வொன்றிலும் பல வருஷம் உழைத்து அந்தந்தத் துறைக்கு ஆதாரமான நூல் எழுதினார்.

இதில் நம் பெற்றோருக்கு நான் எடுத்துச் சொல்வது அவருடைய அம்மா சீதாலட்சுமியைத்தான். மகன் கப்பலேற வேண்டிய சமயத்தில் அவர் கடும் நோயில் இருந்தார். உறவினர்கள் தயங்கியபோது, போகத்தான் வேண்டும் என்று வற்புறுத்தியவர் அவர். மறு வருஷமே காலமானார். மகன் அப்போது கேம்பிரிட்ஜில் இருந்தார்.

அவர் பாதையை இன்றைக்கு அப்படியே பின்பற்ற முடியாது. 22 வயதில் முனைவர் பட்டம் என்பதெல்லாம் அந்தக் காலம். தனியாக உட்கார்ந்து தாளில் கணக்குப் போட்டுக் கண்டுபிடிப்பதும் குறைந்துவிட்டது. இன்றைய கட்டுரைகளில் நூறு பேர் பெயர் இருப்பது சாதாரணம். ஆகவே மற்றவர்களோடு சேர்ந்து வேலை செய்யத் தெரிவது இப்போது தகுதிகளில் ஒன்று.

வெளிநாடு போனால்தான் மதிப்பா?

ஒரு காலத்தில் வானியற்பியல் படிக்க வெளியே போக வேண்டியிருந்தது. இப்போது மீர்காட் தரவுக்காக உலகமே நம்மோடு சேர்ந்து வேலை செய்கிறது. எஸ்.கே.ஏ.வின் தென்னாப்பிரிக்கப் பகுதி முடியும்போது, மீர்காட்டின் 64-ஐயும் சேர்த்து 197 கிண்ணங்கள் இருக்கும். 2024 ஆகஸ்டில் உலக வானியல் ஒன்றியத்தின் பொதுச்சபை கேப் டவுனில் கூடியது, ஆப்பிரிக்காவில் முதல்முறையாக. முனைவர் பட்டத்தை இங்கே முடித்துவிட்டு, அதற்குப் பிறகு இரண்டு மூன்று வருஷம் வெளிநாட்டில் வேலை செய்வது நல்ல வரிசை என்று நினைக்கிறேன்.

முனைவர் பட்டம் வாங்கியதும் வேலை கிடைத்துவிடுமா?

நிரந்தர வேலை உடனே கிடைக்காது. பிள்ளையும் குடும்பமும் இதை முன்கூட்டியே தெரிந்துகொள்வது நல்லது.

அடுத்த கட்டம் போஸ்ட்டாக், அதாவது முனைவர் பட்டத்துக்குப் பிந்தைய ஆராய்ச்சி வேலை. இரண்டு மூன்று வருஷ ஒப்பந்தம். ஒன்று முடிந்ததும் இன்னொன்று, பெரும்பாலும் வேறு ஊரில், வேறு நாட்டில். இங்கே பல இடங்களில் அது சம்பளமாக இல்லாமல் உதவித்தொகையாகத் தரப்படுவதால் ஓய்வூதியமும் மருத்துவத் திட்டமும் சேர்ந்து வராது. கையெழுத்துப் போடுவதற்கு முன் கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டும். கல்யாணம், வீடு, வயதான பெற்றோர் என்று எல்லாம் வந்து சேரும் வயதும் அதுதான். நல்ல திறமைசாலிகள் பலர் விலகுவது இந்தக் கட்டத்தில்தான், அறிவு போதாமல் அல்ல.

அதைத் தாண்டினால் விரிவுரையாளர், முதுநிலை விரிவுரையாளர், இணைப் பேராசிரியர், பேராசிரியர். கூடவே என்.ஆர்.எஃப். ஆராய்ச்சியாளர்களுக்குத் தர மதிப்பீடு தருகிறது. இளம் ஆராய்ச்சியாளர்களுக்கு ஒய், அவர்களில் மிகச் சிறந்தவர்களுக்கு பி (P). அனுபவம் கூடியவர்களுக்கு சி, பி (B), ஏ. பேராசிரியர் பதவிகளுக்கு அரசு நிதி தரும், 2006-இல் தொடங்கிய ஆராய்ச்சி இருக்கைத் திட்டத்திலும் வானியலுக்குப் பல இடங்கள் கிடைத்திருக்கின்றன.

பேராசிரியர் ஆக முடியாவிட்டால் இத்தனை படிப்பும் வீணா?

வீண் என்று சொல்கிறவர்கள் இந்தப் படிப்பில் என்ன கற்றுத்தருகிறார்கள் என்று பார்த்ததில்லை. குப்பைக்கு நடுவே இருக்கிற சிறு குறிப்பைக் கண்டுபிடிக்கப் பழகியவர்களை வங்கிகளும், காப்பீட்டு நிறுவனங்களும், மருத்துவப் பட ஆய்வு செய்பவர்களும், மென்பொருள் நிறுவனங்களும் தேடி எடுத்துக்கொள்கின்றன. எம்.எஸ்சி. முடித்து அப்படிப் போனவர்கள் நன்றாகவே இருக்கிறார்கள்.

பெர்னி ஃபனாரோஃப் என்பவரின் வாழ்க்கையைப் பாருங்கள். ஜோகன்னஸ்பர்கில் விட்ஸ் பல்கலைக்கழகத்தில் இயற்பியல், கேம்பிரிட்ஜில் ரேடியோ வானியலில் முனைவர் பட்டம். 1974-இல் ஜூலியா ரைலியோடு சேர்ந்து அவர் வகுத்த, ரேடியோ அலை வீசும் விண்மீன் திரள்களின் வகைப்பாடு இன்றும் பாடத்தில் இருக்கிறது. நாடு திரும்பி, நிறவெறிக் காலத்தில் உலோகத் தொழிலாளர் சங்கத்தில் சேர்ந்து ஏறத்தாழ இருபது வருஷம் தொழிலாளர்களுக்காக வேலை செய்தார். மண்டேலா ஆட்சிக்கு வந்ததும் அரசின் மறுகட்டுமானத் திட்டத்தை நடத்தினார். பிறகு 2003 முதல் எஸ்.கே.ஏ.வைத் தென்னாப்பிரிக்காவுக்குக் கொண்டுவரும் முயற்சிக்குத் தலைமை தாங்கினார். பேச்சுவார்த்தை நடத்தத் தெரிந்த வானியற்பியலாளர் கிடைத்தது இந்த நாட்டின் அதிர்ஷ்டம்.

நம்மவர்களில் கெவின் கவுண்டர் இருக்கிறார். உலக வானியல் ஒன்றியம் கேப் டவுனில் அமைத்த 'வளர்ச்சிக்கான வானியல்' அலுவலகத்தின் முதல் இயக்குநர். வானியலைக் கொண்டு ஏழை நாடுகளில் கல்வி, வேலை வாய்ப்பு வளர்க்கும் பணி. அதற்காக 2016-இல் எடின்பரோ பதக்கம் ஒன்றியத்தோடு சேர்த்து அவருக்குக் கிடைத்தது.

பெண் பிள்ளைக்கு இது சரிப்படுமா?

சரிப்படும். கோயம்புத்தூரில் பிறந்த பிரியம்வதா நடராஜன் எம்.ஐ.டி.யிலும் கேம்பிரிட்ஜிலும் படித்து, இன்று யேல் பல்கலைக்கழகத்தில் கருந்துளைகளையும் கண்ணுக்குத் தெரியாத கரும்பொருளையும் ஆராய்கிறார். ராத்திரி வேலை பற்றித்தான் கவலை என்றால், மேலே சொன்னது போல முக்கால்வாசி வேலை பகலில், கணினியில். உண்மையான சிரமம் போஸ்ட்டாக் காலத்தில் ஊர் ஊராக மாறுவது. மகனென்றால் அதை முன்னேற்றம் என்கிறோம், மகளென்றால் "எப்போதுதான் ஓரிடத்தில் இருக்கப்போகிறாய்?" என்கிறோம். அங்கேதான் குடும்பம் அவளோடு நிற்க வேண்டும்.

மெட்ரிக் வருஷம் தமிழ் வகுப்பை நிறுத்திவிடலாமா?

வாரத்தில் இரண்டு மணி நேரம். அதனால் யாருக்கும் கணக்கில் மதிப்பெண் குறைந்து நான் பார்த்ததில்லை. வரட்டும்.

வீட்டுக்கு ஒரு தொலைநோக்கி வாங்கித் தரலாமா?

முதலில் 7x50 அல்லது 10x50 இருகண்ணோக்கி வாங்குங்கள். கடைகளில் அட்டைப்பெட்டியில் "500 மடங்கு பெரிதாகக் காட்டும்" என்று போட்டு விற்கும் மலிவுத் தொலைநோக்கிகள் ஆடும், மங்கும், பிள்ளையின் ஆசையைக் கெடுத்துவிடும். டர்பனில் கடல் ஈரமும் நகர வெளிச்சமும் தொந்தரவுதான். ஆனாலும் ஜனவரி மாலைகளில் மிருகசீரிடமும் திருவாதிரையும் வடக்கு வானத்தில் தெளிவாகத் தெரியும், தமிழ்நாட்டில் பார்ப்பதற்குத் தலைகீழாக. டிராகன்ஸ்பெர்க் பக்கம் விடுமுறைக்குப் போனால் மெகல்லன் மேகங்கள் இரண்டையும் வெறும் கண்ணால் காட்டலாம். தென்சிலுவையைச் சுட்டும் இரண்டு விண்மீன்களில் பிரகாசமானது ஆல்ஃபா சென்டாரி. கேப் வானாய்வகத்தில் 1832, 1833-இல் அதை அளந்துதான் தாமஸ் ஹெண்டர்சன் அதன் தூரத்தைக் கணக்கிட்டார். சிறு தொலைநோக்கியில் அது இரண்டாகப் பிரிந்து தெரியும்.

தென்னாப்பிரிக்க வானியல் கழகத்துக்கு டர்பனில் கிளை இருக்கிறது. ஒருமுறை அவர்கள் கூட்டத்துக்குப் பிள்ளையை அழைத்துப் போய், அங்குள்ளவர்களின் தொலைநோக்கிகளில் பார்த்து, எது நம் வீட்டுக்குச் சரிவரும் என்று கேட்டுவிட்டு அப்புறம் வாங்குங்கள்.